மங்கோலியாவுக்கு ஓர் ஓட்டு

“நம்ம புள்ளைக்கு நம்மளே ஓட்டுப் போட முடியாதாம்!”

போனை வைத்ததும் அழகுமுத்து கத்தினார். அவர் இலங்கை மலையகத்துத் தேயிலைத் தோட்டம் ஒன்றின் கணக்கப்பிள்ளை. ஆசிய நாடுகளின் தொலைக்காட்சிப் பாட்டுப் போட்டியில் இலங்கைக்காகப் பாடப்போவது அவருடைய மகள் சர்மிளா. இறுதிச்சுற்று தொடங்க ஒரு மணி நேரம்தான் இருந்தது. தோட்டத்துக் குழந்தைகள் காப்பகமான பிள்ளை மடுவத்தின் டிவிக்கு முன்னால் லயத்து வீடுகளின் தொழிலாளர் சனமெல்லாம் போனும் கையுமாகக் கூடியிருந்தது.

“சொந்த நாட்டு ஓட்டு செல்லாதாம். வேற நாட்டுக்குத்தான் போடலாமாம். இப்பத்தான் சர்மிளா சொல்லுது.”

“அதுக்கென்னங்கய்யா, இந்தியாவுக்குக் குத்திருவோம்,” என்றார் கந்தப்பன் கங்காணி. “எங்க சித்தப்பா குடும்பமே கோத்தகிரியிலதான இருக்கு.”

“யோவ்! எம்மகளுக்குப் பெரிய போட்டியே இந்தியாதான்யா!”

“அப்ப ஜப்பான்?”

“அது ரெண்டாவது போட்டி!”

“அப்ப யாருக்கும் வேணாம். சும்மா ஒக்காந்து பாட்டக் கேப்போம்.”

“நாம சும்மா இருந்தா டவுன்காரங்க இந்தியாவுக்குப் போட்டுருவாங்களேய்யா!”

அழகுமுத்து யோசித்தார். அரையிறுதியில் கடைசி ஆளாகத் தட்டுத்தடுமாறித் தேறியது மங்கோலியா. பாடியவர் ஒரு கிழவர். பாதிப் பாட்டில் பலமாகத் தும்மியிருந்தார்.

“மங்கோலியாவுக்குப் போடுங்க! அந்தாளு எப்படியும் ஜெயிக்கப் போறதில்ல. நமக்குச் சேதாரமே இல்ல!”

“நம்ம முந்நூறு ஓட்டு பத்துமாங்கய்யா?” என்றார் கங்காணி.

உடனே நானுஓயா, நல்லதண்ணி, பட்டிப்பொல என்று தெரிந்தவர்களுக்கெல்லாம் செய்தி பறந்தது. அவர்கள் அடுத்தடுத்த தோட்டங்களுக்குத் தட்டிவிட்டார்கள்.

சர்மிளா பாடியபோது மடுவமே விசிலடித்தது. ஓட்டெடுப்பு தொடங்கியதும் பார்த்தால், ஒரு போனிலும் சிக்னல் இல்லை. சனத்தைச் சிக்னல் கிடைக்கும் ஏழாம் நம்பர் மலைத் தண்ணீர்த் தொட்டிக்கு ஏற்றினார் அழகுமுத்து. பனிமூட்டத்தில் ஆள் வருகைப் பதிவேடான செக்ரோலைப் பிரித்து, வேலைக்கு ஆள் பிரிக்கும் காலைப் பெரட்டில் கூப்பிடுவது போலவே ஒவ்வொரு பெயராகக் கூப்பிட்டார்.

“அம்மாக்கண்ணு!”

“போட்டுட்டேங்கய்யா. பாவம், அந்த மனுசன் தும்முனதுகூட ராகமாத்தான் இருந்துச்சு.”

“ராகத்த ஒங்கிட்ட யாரு கேட்டா? அடுத்தது!”

மூச்சு வாங்க மடுவத்துக்குத் திரும்பியபோது முடிவு தொடங்கியிருந்தது. ஒவ்வொரு நாட்டிலும் அதிக ஓட்டு வாங்கிய பாட்டுக்கு அந்த நாட்டின் பன்னிரண்டு புள்ளி.

மங்கோலியாவின் பன்னிரண்டு இலங்கைக்கு! கூரைத் தகரம் அதிர்ந்தது. கங்காணி குதித்த குதியில் பெஞ்சு முறிந்தது.

இலங்கையின் பன்னிரண்டு மங்கோலியாவுக்கு. “எப்படி நம்ம வேல?” என்று மீசையைத் தடவினார் அழகுமுத்து.

இந்தியாவின் பன்னிரண்டு... மங்கோலியாவுக்கு.

மீசையில் இருந்த கை அப்படியே நின்றது.

ஜப்பானின் பன்னிரண்டு மங்கோலியாவுக்கு. நேபாளம், மங்கோலியா. மலேசியா, மங்கோலியா. கொரியாவும் மங்கோலியா!

சர்மிளா இரண்டாமிடம். திரையில் அந்தக் கிழவர் கோப்பையை வாங்கி, நம்ப முடியாமல் விழித்து, மறுபடியும் தும்மினார்.

“எப்படிய்யா இது? உலகத்துல ஒருத்தனுக்குமா காது கேக்கல?” அழகுமுத்து தலையில் கைவைத்து உட்கார்ந்தார்.

அம்மாக்கண்ணு அவர் கையில் பிளேன்டீயைக் கொடுத்தாள்.

“காதெல்லாம் நல்லாத்தான் கேட்டிருக்கும்ங்கய்யா. அங்க பாடுன புள்ளைங்களுக்கும் ஒங்கள மாதிரியே ஆளுக்கொரு அப்பா இருந்திருப்பாருங்க.”