ரோமாபுரி வீரனும் என் கட்டுப்பல்லும்

ஒரு ஆள தீத்துக்கட்றதுனு முடிவு பண்ட்டேன். பேரு வேரியஸ். ஊரு ரோமாபுரி. செத்து ரெண்டாயிரம் வருசம் ஆயிருக்கணும். எங்க காத்திவாக்கம் வூட்ல மட்டும் தெனம் சாயங்காலம் உசுரோட வந்துட்றான்.

அவன் ஒரு கிளாடியேட்டரு. ஜனங்க வேடிக்கை பாக்க கோதாவுல சண்டை போட்றவன். ஒரு கைல வலை, ஒரு கைல சூலம். ஒரு செனட்டரோட பொண்டாட்டி ஃப்ளாவியா அவன் மேல உசுரையே வெச்சிகினு கீறா. என் பொண்டாட்டி பவானியும்தான். போன்ல வாராவாரம் வர்ற ஒரு தொடர்கதைலதான் அவன் வர்றான். தெனம் அதுக்குள்ள போனா, எறா தொக்கு அடிப்பிடிச்சி கருகுற வரைக்கும் வெளிய வரமாட்டா. நான் கடலுக்குப் போய்ட்டு வந்து எதிர்ல நிக்கிறேன், ஏறெடுத்துப் பாக்கல. வயித்தெரிச்சல்தான். இதுல மறைக்க இன்னா கீது?

"அவன்கிட்ட அப்டி இன்னாமே கீது?"

"வலை வீசுறான்யா. இன்னா அழகு!"

"நானுந்தான் இருவது வருசமா வீசிகினு கீறேன்!"

"நீ மீனுக்கு வீசுற."

பத்திகினு வந்துச்சி. கதை எழுதுறவங்க பேரு 'முத்துச்சிப்பி'னு போட்ருந்துச்சி. கீழ கமென்ட்ல, 'ரோமாபுரி ரசிகன்'னு பொய்ப்பேர்ல எழுதினேன். "அம்மா, உங்காளுக்கு வலை வீசத் தெர்ல. ஓரத்த பல்லுல கடிச்சிகினு, இடுப்ப திருப்பி வீசணும். வுடும்போது வாய தொறக்கணும். இவன கொன்னுட்டு ஃப்ளாவியாவ ஒழுங்கா புருசன்கிட்ட அனுப்புங்க."

ஒரு மணி நேரத்துல பதில் வந்துச்சி. "நன்றி ஐயா. வலை வீசத் தெரிந்த புருஷனை அடுத்த வாரமே கோதாவில் இறக்குகிறேன்."

இன்னா மரியாதை! சந்தோசத்துல அன்னிக்கி பவானிக்கு நானே டீ போட்டுக் குட்தேன்.

அடுத்த வாரம் அவளே சத்தமா படிச்சிக் காட்னா. பொண்டாட்டி எதிர்ல பந்தா காட்ட செனட்டரு கோதாவுல எறங்குறாரு. வலை ஓரத்த பல்லுல கடிக்கிறாரு. இடுப்ப திருப்பி வீசுறாரு. வாய தொறக்க மறந்துட்றாரு. முன்னாடி கட்டுப்பல்லு வலையோட பறக்குது. கீழ வுழுந்தவரு நெஞ்சு மேல வேரியஸ் கால வெச்சி, சூலத்த ஓங்கிகினு, குத்தவா வேணாவானு ஃப்ளாவியாவ பாக்குறான். அதோட அந்த வாரம் முடிஞ்சிச்சி.

போன தை மாசம் பவானி எதிர்ல வீசும்போது என் கட்டுப்பல்லும் அப்டித்தான் போச்சி. இந்த மேட்டரு எனக்குத் தெரியும், அவளுக்குத் தெரியும், எண்ணூர் ஆத்துக்குத் தெரியும். ஆறு கதை எழுதாது.

"யம்மே... முத்துச்சிப்பி நீயா?"

"ரோமாபுரி ரசிகன் நீயானு நான் கேட்டனா? வாய தொறக்கணும்னு வேற எவன் எழுதுவான்?"

"அந்த செனட்டரு... பொழைச்சிப்பாரா?"

"இன்னும் முடிவு பண்ல. மொதல்ல அந்த எறாவ உரிச்சி வை."

ரெண்டு கிலோ எறா. உரிச்சிகினு கீறேன்.