அடுத்த அறைத் துரைசானி

கோயம்புத்தூர்,
1938, சித்திரை வெயில்.

கர்த்தருக்குள் என் மரியாதைக்குரிய மாமா, பொள்ளாச்சி பாக்கியராஜ் உபதேசியார் அவர்களின் சமுகத்துக்கு, மருமகன் பிரகாசம் பணிந்து எழுதிக்கொள்வது. தங்கள் முழங்கால் வலியும் அத்தையின் இருமலும் தணிந்திருக்கும் என்று நம்புகிறேன். இங்கே நாங்கள் இருவரும் நலம் என்று முதலிலேயே எழுதினால் தாங்கள் நம்பமாட்டீர்கள். ஆகையால் நலத்தைக் கடைசியில் எழுதுகிறேன்.

வெள்ளைக்காரன் பங்களாவுக்குத் தங்கள் மகளைத் தினமும் கூட்டிப்போகிறேன் என்று கேள்விப்பட்டதாகவும், வரும் வெள்ளிக்கிழமை பஸ்ஸில் வந்து ரூத்தைப் பொள்ளாச்சிக்கே அழைத்துப்போய்விடப் போவதாகவும் தாங்கள் சொல்லி அனுப்பிய செய்தியைத் தேங்காய் வியாபாரி நாகூர் மீரான் என்னிடம் சேர்த்துவிட்டார். பெரிய கடைவீதியில் நாலு பேர் நடுவில் நிறுத்திச் சேர்த்தார். "மாமனார் கொதிச்சுப்போய்க் கெடக்கறாருங்க வாத்தியாரே, என்னமோ பாத்து நடந்துக்குங்க" என்று இலவசமாக ஒரு புத்திமதியும் சேர்த்தார். நடந்ததை நடந்தபடியே எழுதிவிடுகிறேன். படித்துவிட்டு என்னைச் சபையை விட்டு நீக்கினாலும் சரி.

பள்ளிக்கூடத்துக்குக் கோடை விடுமுறை விட்டதும், மில் முதலாளி அரங்கசாமி டாக்கிப் படம் எடுக்கிறார், அதற்குக் கதை எழுத வந்திருக்கும் துரைக்கு மொழிபெயர்க்க ஆள் வேண்டும் என்றார்கள், போனேன். துரையின் பெயர் ரூபர்ட் ஹாலம். பங்களாவில் சமைக்கும் மாசாணியம்மாள் வாயில் அது சிறுவாணி போகிற வழியில் உள்ள ஊரான ஆலாந்துறை என்று ஆகி, இப்போது போத்தனூர் வரைக்கும் அவர் ஆலாந்துறைத் துரைதான். சிறுவாணிப் பக்கத்து ஆள் எப்படி இவ்வளவு சிவப்பாக இருக்கிறார் என்று பால்காரர் என்னிடம் சந்தேகம் கேட்டார். மனிதர் இங்கிலாந்தில் ஒரு கடற்கரை ஊரில் பாதிரியார் மகனாகப் பிறந்தவர். சிறு வயதிலேயே நாடகக் கோஷ்டியோடு ஓடிப்போய், மீசை முளைக்கும்வரை அத்தைமார் வேஷம் கட்டினார். பிறகு யுத்தத்துக்குப் போய், பதுங்குகுழியில் எலிகளோடு உட்கார்ந்து சிப்பாய்களுக்குச் சிரிப்பு நாடகம் எழுதினார். லண்டனுக்குத் திரும்பி, குடும்ப நாடகம், கொலை நாடகம், பாட்டு நாடகம் என்று ஒன்றையும் விடவில்லை. படங்கள் பேசத் தொடங்கியதும் அவற்றுக்கும் எழுதினார்: காலையில் ஒரு கப்பலை மூழ்கடிப்பார், மத்தியானம் ஒரு திருடனைப் பிடிப்பார், மாலையில் இரண்டு கல்யாணம் செய்துவைப்பார். "நான் ஒரு மளிகைக்கடை மாதிரி, எது கேட்டாலும் எடுத்துத் தருவேன்" என்று அவரே சொல்லுவார்.

ஆனால் நான் போய்ச் சேர்ந்தபோது கடையில் பாதிச் சரக்கு இல்லை. கதை என்னவென்றால், கொழும்புத் தோட்டத்துக்குப் பிழைக்கப் போகும் புருஷன், வழியனுப்பும் பெண்டாட்டி. புருஷன் பேசுவதை அருமையாக எழுதிவிடுவார். பெண்டாட்டி வாயைத் திறந்தால், "அன்பே, உங்கள் டை கோணலாக இருக்கிறது" என்பாள். பெருந்துறைப் பக்கத்துக் காட்டில் ஏர் ஓட்டுகிற குடியானவருக்கு டை எங்கிருந்து வந்தது என்று கேட்டேன். அப்போதுதான் அவர் சொன்னார்: அவர் நாடகங்களில் பெண்கள் பேசியதெல்லாம் அவர் மனைவி இசபெல் அம்மாள் சொன்னதாம். இவர் ஓர் அறையில் உட்கார்ந்து ஆண்பிள்ளை வசனத்தை உரக்கச் சொல்வார், பாதி சாத்திய கதவுக்கு அந்தப் பக்கம் தைத்துக்கொண்டே அந்த அம்மாள் பதில் சொல்வார், இவர் எழுதிக்கொள்வார். அந்த அம்மாள் காய்ச்சலில் போன பிறகு இவர் நாடகங்கள் வரிசையாகப் படுத்துவிட்டன. அதற்காக இந்த ஊரிலும் அடுத்த அறையில் ஒரு பிரம்பு நாற்காலியைப் போட்டு, கதவைப் பாதி சாத்தி, வசனத்தைச் சொல்லிவிட்டுக் காத்திருப்பார். பதில் வராது. பார்க்க எனக்குப் பாவமாக இருந்தது, மாமா. பைத்தியம் என்று நினைக்கவில்லை. துக்கம் என்றுதான் நினைத்தேன்.

ஒருநாள் பிற்பகல், வெயில் சுவரையே உரிக்கிற மாதிரி அடித்துக்கொண்டிருந்தது. துரை, "நான் புறப்படுகிறேன். என்னிடம் ஏதாவது சொல்ல வேண்டுமா?" என்று இங்கிலீஷில் கேட்டுவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டார். அடுத்த அறையிலிருந்து, "போறதுன்னு முடிவு பண்ணிப்போட்டு, அப்பறம் எதுக்குங்க எங்கிட்ட கேக்கறீங்க?" என்று ஒரு பெண்குரல் வந்தது. மாசாணியம்மாள்தான் என்று எட்டிப் பார்த்தேன். அவள் கொல்லைப்புறத்தில் வாய் நிறைய வெற்றிலையோடு உரலில் மாவாட்டிக்கொண்டிருந்தாள். அறையில் ஒருவரும் இல்லை. பிரம்பு நாற்காலி மட்டும், ஆள் எழுந்த பிறகு முனகுமே, அப்படி முனகியது. துரை மட்டும் கொஞ்சமும் அசரவில்லை. "என்ன சொன்னாள்?" என்று கேட்டார். சொன்னேன். எழுதிக்கொண்டார். "அதற்குள் உங்கள் பாஷையைக் கற்றுக்கொண்டுவிட்டாளே. என்னைவிட அவள் எப்போதும் கெட்டிக்காரி" என்றார்.

ஓடி வந்துவிட வேண்டியதுதானே என்று தாங்கள் கேட்பீர்கள். ஓடினேன். ஆனால் மறுநாளும் போனேன், ஏனென்றால் அந்த வசனம் அவ்வளவு நன்றாக இருந்தது. பிறகு தினமும் அந்தக் குரல் வந்தது. ஒருநாள் முதலாளி அரங்கசாமி வேலை எப்படி நடக்கிறது என்று பார்க்க வந்து, செருப்புக் காலோடு நடுக்கூடத்தில் நின்றார். "ஏனுங்க, செருப்பைக் கழட்டிப்போட்டு வாங்க" என்றது உள்ளேயிருந்து. அவர் மரியாதையாகக் கழற்றிவைத்துவிட்டு, "ஊட்டுல பொம்பளையாளு இருக்கறாங்கன்னு சொல்லவே இல்லீங்களே வாத்தியாரே" என்றார். யாரும் இல்லையென்றேன். சிரித்துக்கொண்டே உள்ளே எட்டிப் பார்த்தவர் செருப்பை மறந்துவிட்டுக் காரேறிப் போனார். அன்று முதல் சம்பளம் ஆள் மூலமாகத்தான் வருகிறது.

இதையெல்லாம் ரூத்திடம் சொன்னது என் தவறுதான். தங்களுக்குத் தெரியும், போன வருஷம் எங்கள் பிள்ளை சாமுவேலை மண்ணில் வைத்த நாள் முதல், அரிசி, விறகு, தண்ணீர் என்ற மூன்று சொல்லுக்கு மேல் அவள் பேசியதில்லை. ஒரு சொட்டுக் கண்ணீரும் விட்டதில்லை. அவளைக் கொஞ்சம் சிரிக்க வைக்கலாம் என்று முதலாளியின் செருப்புக் கதையைச் சொன்னேன். அவள் சிரிக்கவில்லை. முறத்தைக் கீழே வைத்துவிட்டு, "நாளைக்கு நானும் வாரனுங்க" என்றாள்.

வேண்டாம் என்று எவ்வளவோ சொன்னேன். வந்தாள். நேரே அந்த அறைக்குள் போய்க் கதவைப் பாதி சாத்திக்கொண்டாள். துரையும் நானும் இந்தப் பக்கம் பள்ளிக்கூடப் பையன்கள் போல உட்கார்ந்திருந்தோம். உள்ளே இரண்டு குரல்கள் மாறி மாறிக் கேட்டன, வார்த்தை பிடிபடவில்லை. பிறகு ரூத் அழுதாள், மாமா. அணை உடைந்த மாதிரி அழுதாள். துரை பேனாவை மூடி வைத்துவிட்டார். நான் கதவைத் தள்ளினேன். அவள் ஒருத்திதான் இருந்தாள், தரையில். பிரம்பு நாற்காலி அவள் பக்கமாகத் திரும்பியிருந்தது. "அந்தம்மா என்ன சொல்லுச்சு?" என்று கேட்டேன்.

"ஒண்ணும் சொல்லலீங்க. நீங்க, அப்பா, சபை அய்யர் எல்லாரும் எனக்கு ஆறுதல்தானுங்க சொன்னீங்க. அவங்க மட்டுந்தான் பையன் எப்படி இருந்தான்னு கேட்டாங்க."

அதற்கு மேல் நான் எதைத் தடுக்க? தினமும் கூட்டிப்போனேன். சாமுவேலுக்கு வலது காதோரம் இருந்த மச்சம் வரைக்கும் அவள் அங்கே சொல்லியிருக்கிறாள். இப்போது வீட்டில் தலைவாரும்போது கீர்த்தனை பாடுகிறாள். ரசத்தில் உப்பு அதிகம் என்றதற்கு என்னோடு சண்டை போட்டாள். எனக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது. துரைக்கு மட்டும் அன்று முதல் ஒரு குரலும் வரவில்லை. "நாற்காலி போட்டது நான். அவள் வந்தது உங்கள் வீட்டுக்காரிக்காக" என்று ஒருநாள் சொன்னார். மனத்தாங்கலாகச் சொல்லவில்லை. அப்புறம் கடைசிக் காட்சியில் பெண்டாட்டி பேசுவதைத் தானாகவே எழுதினார். அதில் நான் திருத்த ஒன்றும் இல்லை. நேற்று ரயிலேறிச் சென்னைக்குப் போய்விட்டார், அங்கிருந்து கப்பல். பங்களாவைப் பூட்டியாயிற்று.

ஆகவே எல்லாம் முடிந்தது, மாமா. இனி துரையும் இல்லை, குரலும் இல்லை, நம் சபை விசுவாசத்துக்குப் பங்கமும் இல்லை. ரூத் சுகமாக இருக்கிறாள். அப்பாவுக்கு ஏதாவது எழுதட்டுமா என்று இப்போதுதான் கேட்டேன். "சௌக்கியமா இருக்கறேன், வெயில்ல அலைய வேண்டாமுன்னு எழுதிப்போடுங்க" என்று சமையலறையிலிருந்து சொன்னாள். ஆகையால் தாங்கள் வெள்ளிக்கிழமை வர வேண்டியதில்லை. அத்தைக்கு என் வணக்கம். தங்கள் ஜெபத்தில் எங்களை நினைத்துக்கொள்ளும்படி வேண்டுகிறேன்; தேவன் தங்கள் வீட்டைக் காப்பாராக.

தங்கள் கீழ்ப்படிதலுள்ள மருமகன்,
பிரகாசம்.

பி.கு.: கையெழுத்துப் போட்டு முடிக்கவும், ரூத் தெருக்குழாயிலிருந்து தண்ணீர்க் குடத்தோடு வாசலில் ஏறி வந்தாள். குழாயடியில் ரொம்பக் கூட்டம், வெகுநேரம் நின்றேன் என்றாள். சமையலறையிலிருந்து யார் பேசியது என்று நான் கேட்கவில்லை. அவள் குடத்தோடு உள்ளே போய்க் கதவைப் பாதி சாத்திக்கொண்டாள். இப்போது இருவர் சிரிப்பது கேட்கிறது. எல்லாம் முடிந்தது, வர வேண்டியதில்லை என்று மேலே எழுதியதை அடித்துவிட்டுப் படிக்கவும். வெள்ளிக்கிழமை வரை காத்திராமல் நாளைக்கே புறப்பட்டு வந்து, என்னோடு கூடத்தில் உட்கார்ந்திருங்கள். உள்ளே போக எனக்குத் தைரியம் இல்லை. அந்தச் சிரிப்பை நிறுத்தச் சொல்லவும் மனம் வரவில்லை.