கடைசிப் பக்கத்துப் படகு

கடைசிப் பக்கத்தில் பினெலோப்பி படகேறிப் போய்விட்டாள்.

பனாயிஸ் குளியலறைக் கதவைத் தாழிட்டுக்கொண்டு அந்தப் பக்கத்தை மறுபடி படித்தார். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு இன்னொரு முறை படித்தார். அவள் போனது போனதுதான். ஒடிசியஸ் கரையில் நின்று கத்துகிறான், அவள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

இத்தாக்கா தீவில் பிறந்த யாருக்கும் இந்தக் கதையைச் சொல்லித் தர வேண்டியதில்லை. எங்கள் ராஜா ஒடிசியஸ் போருக்குப் போய், கடலில் அலைந்து, இருபது வருஷம் கழித்து வீடு திரும்புகிறான். ராணி பினெலோப்பி அதுவரை அவனுக்காகக் காத்திருக்கிறாள். அந்தப் பெருமையில் எங்கள் ஊரில் தெருவுக்கு இரண்டு பினெலோப்பி உண்டு. அதில் ஒருத்தி பனாயிஸின் மனைவி. அவரும் சரக்குக் கப்பல்களில் எஞ்சின் பார்த்தே பாதி ஆயுளைக் கடலில் கழித்துவிட்டு, போன வருஷம்தான் வீட்டோடு வந்து சேர்ந்தார்.

எங்கள் வழக்கத்தில் பிறந்தநாளைவிடப் பெயர்நாள்தான் பெரிது. பெயருக்கென்று ஒரு புனிதர் இல்லாதவர்கள் எல்லாரும் சகல புனிதர் ஞாயிறன்று கொண்டாடிக்கொள்வார்கள். அந்த ஞாயிறு நாளைக்கு. "அண்ணியோட பேருலயே கதை இருக்கு, இதைவிட நல்ல பரிசு கிடைக்குமா அண்ணே?" என்று சொல்லிப் புத்தகக் கடை ஃபோத்தினிதான் இந்த நீல அட்டைப் புத்தகத்தை அவர் கையில் திணித்தாள்.

வேறு சமயமாக இருந்தால் சிரித்துவிட்டுப் போயிருப்பார். ஆனால் இரண்டு நாளாகப் படுக்கையறையில் ஒரு பயணப்பெட்டி கிடக்கிறது. மெல்போர்னில் இருக்கும் மைத்துனி போன் போடும்போதெல்லாம், "அங்க என்னடி வச்சிருக்கு? கிளம்பி வா" என்கிறாள். இந்த நேரத்தில் இப்படி ஒரு புத்தகத்தைக் கொடுத்து அவரே யோசனை சொல்லித் தருவதா?

புத்தகம் அவருடைய மீன்பிடிப் படகின் கருவிப்பெட்டிக்குள் போனது. மாற்றுப் பரிசுக்கு ஓடினார். துறைமுகத்தில் இரும்புச் சாமான் கடை மட்டும்தான் திறந்திருந்தது.

மறுநாள் வீடு நிறைய விருந்தாளிகள். எல்லார் முன்னாலும் பினெலோப்பி பொட்டலத்தைப் பிரித்தாள்.

"இஸ்திரிப் பெட்டி" என்றாள்.

"ஆவி வரும்" என்றார் பனாயிஸ்.

"இத்தனை வருஷம் உங்க சட்டை கப்பல்லயே இருந்துச்சு. தேய்க்க ஆசையா இருக்குன்னு யாரு சொன்னா?"

எல்லாரும் சிரித்தார்கள். காப்பிக்கடை ஸ்தாத்திஸ் சும்மா இருக்காமல், "ஃபோத்தினி கடை ஜன்னல்ல ஒரு நீலப் புத்தகம் பார்த்தேன் தங்கச்சி. உன் பேருதான் பெருசா போட்டிருக்கு" என்றார்.

பனாயிஸுக்கு வாயிலிருந்த இனிப்பு தொண்டையில் சிக்கிக்கொண்டது. முதுகில் தட்டித் தண்ணீர் கொடுத்தது பினெலோப்பிதான்.

திங்கட்கிழமை கடை திறந்ததும் ஜன்னலில் இருந்ததை வாங்கினார். எல்லாவற்றையும் ஒரே இடத்தில் வைத்தால் மாட்டிக்கொள்வோம் என்று இதைக் கொல்லையில் இருந்த பழைய ரொட்டி அடுப்புக்குள் தள்ளினார். புதன்கிழமை பார்த்தால் ஜன்னலில் மறுபடியும் ஒன்று. அட்டையில் கரிக் கறை வேறு. ஊரில் யாருக்குமே கை கழுவும் பழக்கம் இல்லை என்று முணுமுணுத்துக்கொண்டே அதையும் வாங்கினார்.

"சூடா போகுது அண்ணே" என்றாள் ஃபோத்தினி. "பொம்பளைங்க வாசிப்புக் கூட்டத்துல அடுத்தது இதைத்தான் எடுக்கணும்னு பேச்சு. அண்ணியும் வருவாங்கல்ல?"

இனி வாங்கி வாங்கி ஒளித்துப் பயனில்லை. எதிரியின் பலம் என்னவென்றாவது தெரிந்துகொள்வோம் என்று படகில் உட்கார்ந்து முதல் பக்கத்திலிருந்து படிக்க ஆரம்பித்தார். எஞ்சின் கையேடு தவிர வேறெதையும் அவர் முழுதாகப் படித்ததில்லை. இதைப் படித்து முடிக்க வாரக் கடைசி வரை ஆனது.

புத்தகத்தில் ஒடிசியஸ் வீட்டுக்கு வருகிறான். வந்த நாளிலிருந்து தன் பிரதாபம்தான். ஒற்றைக்கண் அரக்கன், புயல், மாயக்காரி. அவளும் சோறு போட்டுக்கொண்டே கேட்கிறாள். நூறு பக்கம் போயும், நீ எப்படி இருந்தாய் என்று அவன் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

"அட மடையா, கேட்டுத் தொலையேண்டா!" என்று பனாயிஸ் சத்தம் போட்டார். பக்கத்துப் படகில் வலையை உதறிக்கொண்டிருந்தவர் நிமிர்ந்து பார்த்தார்.

அப்போதுதான் அவருக்கு உறைத்தது. வீட்டோடு வந்து ஒரு வருஷமாகத் தாமும் சாப்பாட்டு மேஜையில் சிங்கப்பூர்த் துறைமுகத்தையும் பழுதான பம்புகளையும்தான் பேசிக்கொண்டிருக்கிறார். வெட்கத்தில் காது சுட்டது. அவள் போய்விட்டால் அந்த வீட்டில் தமக்கு என்ன இருக்கிறது என்று நினைத்தபோது அழுகையே வந்தது.

நேராகப் போய்க் கேட்டிருக்கலாம். ஆனால் பனாயிஸ் மெக்கானிக் அல்லவா. கோளாறான பாகத்தைக் கழற்றிவிடுவதுதான் அவருக்குத் தெரிந்த வைத்தியம். பிளேடால் கடைசி அத்தியாயத்தைச் சுத்தமாக அறுத்தெடுத்துவிட்டுப் புத்தகத்தை மனைவியிடம் கொடுத்தார்.

"தாமதமான பரிசு" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை மதியம் அவள் புத்தகத்தோடு சமையலறைக்கு வந்தாள். "ஏங்க, இதுல முடிவைக் காணோம்."

"அச்சகத்துல விட்டிருப்பான்."

"ஃபோத்தினிகிட்ட குடுத்து மாத்திட்டு வந்துடறேன்."

"வேணாம் வேணாம்! நான் படிச்சுட்டேன். நானே சொல்றேன், உக்காரு."

அவள் உட்கார்ந்தாள்.

"அவன் வந்து... அரக்கன் கதையை நிறுத்திடறான். நிறுத்திட்டு, இத்தனை வருஷம் நீ எப்படிம்மா இருந்தேன்னு கேக்கறான்."

"ஓஹோ. அவ என்ன சொல்றா?"

"அதான் எனக்குத் தெரியல, பினெலோப்பி" என்றார். "நீதான் சொல்லணும்."

பினெலோப்பி மேஜைத் துணியின் ஓரத்தை நீவிவிட்டாள். பிறகு சொல்ல ஆரம்பித்தாள். நிலநடுக்கத்தில் கூரை ஓடு சரிந்தபோது தானே ஏறி அடுக்கியது. மகளுக்குக் காய்ச்சல் கண்டு, படகு ஓடாத புயலில் மடியில் போட்டுக்கொண்டு கிடந்தது. தீவுக்கு வருகிற ஒவ்வொரு கப்பலின் ஊதல் கேட்கும்போதும், அவர் அதில் இல்லை என்று தெரிந்தே, ஜன்னலுக்குப் போனது. பனாயிஸ் ஒரு பம்பைப் பற்றியும் பேசவில்லை. நடுவில் காப்பி போட்டதும் அவர்தான். மகா மோசமான காப்பி. அவள் குடித்தாள்.

கடைசியில் துணிச்சலை வரவழைத்துக்கொண்டு, "அந்தப் பெட்டி..." என்றார்.

"நாம ரெண்டு பேரும் போறதுக்குத்தான். மெல்போர்ன்ல இப்போ குளிராம். உங்களோட கோட்டு பரண்மேல இன்னொரு பெட்டியில இருக்கு. எனக்கு எட்டல. இறக்கித் தாங்கன்னா எங்க நீங்க வீடு தங்கறீங்க, ஒரு வாரமா படகே கதின்னு இருக்கீங்க."

மறுநாள் காலையில் பனாயிஸ் சீட்டியடித்துக்கொண்டே எழுந்தார். இனி ஒளிக்க என்ன இருக்கிறது? மற்ற இரண்டு புத்தகங்களையும் கடையில் திருப்பிக் கொடுத்துவிடலாம், யாராவது படிக்கட்டும். படகுக்குப் போய்க் கருவிப்பெட்டியைத் திறந்தார். காணோம். ரொட்டி அடுப்பில் கையை விட்டுத் துழாவினார். சாம்பல்தான் வந்தது.

சாம்பல் கையோடு கடைக்கு ஓடினார். ஜன்னலிலும் நீலப் புத்தகம் இல்லை.

"ஃபோத்தினி, என் புத்தகம் ரெண்டு திருட்டுப் போச்சு! இங்க யாராவது கொண்டாந்து வித்தாங்களா?"

ஃபோத்தினி அவர் கையைப் பார்த்துவிட்டு, துடைத்துக்கொள்ள ஒரு காகிதத் துண்டை நீட்டினாள். அவளால் சிரிப்பை அடக்க முடியவில்லை.

"கடைக்கு வந்ததே ஒரே ஒரு புத்தகம்தான் அண்ணே. குளிர்காலத்துலயே அண்ணி அதை வாங்கிப் படிச்சுட்டு எங்கிட்ட கொண்டாந்து குடுத்தாங்க: 'எங்க வீட்டுக்காரர் பரிசு வாங்க வருவார், இதையே அவர் தலையில கட்டிடு. கடைசிப் பக்கத்தை மட்டும் பார்த்துட்டு எங்கயாவது ஒளிச்சு வைப்பார். முழுசா படிக்கிற வரைக்கும் நான் எடுத்தாந்து குடுத்துக்கிட்டே இருக்கேன்'னு."