வாய் அசைந்தால் போதும்

ஒட்டுமீசை மூக்குக்குள் ஏறிக்கொண்டிருந்தது. தச்சர் தும்மலை அடக்கிக்கொண்டு, காலையில் தானே ஆணி அடித்து நிறுத்திய அட்டை மரத்தடியில் மண்டியிட்டார்.

கதாநாயகனுக்குக் கால் சுளுக்கு. அதே உயரம், அதே தொப்பை என்று தச்சரை ஏணியிலிருந்து இறக்கி, கோட்டை மாட்டிவிட்டார்கள். எதிரே கதாநாயகி. கதைப்படி, அப்பாவுக்குத் தெரியாமல் காதலனைப் பார்க்க, முகம் முழுக்க மறைய முக்காடு போட்டு மாறுவேடத்தில் வந்தவள்.

"உருகிப் பேசுய்யா!" டைரக்டர் தகரக் குழாயில் கத்தினார்.

"என்ன பேசறது?"

"எதையாவது பேசு! ஊமைப் படத்துல எவன் கேக்கப்போறான்? வாய் அசைஞ்சா போதும்!"

தச்சரின் நெஞ்சில் இருந்தது ஒன்றே ஒன்றுதான். தையல் அறைப் பெண்ணிடம் சொல்லவேண்டியது. அவளைக் கண்டாலே அவருக்கு நாக்கு ஒட்டிக்கொள்ளும். அவளோ நாளைக்கு அக்கா ஊருக்கே போய்விடப்போகிறாள். ஒத்திகை பார்த்த மாதிரி இருக்கட்டுமே!

"உன்னை எனக்கு ரொம்பப் பிடிக்கும். ஊருக்குப் போகாதே. என்னைக் கட்டிக்கிறியா?"

முக்காடு ஆமாம் என்று ஆடியது.

தச்சருக்கு வியர்த்துவிட்டது. இவ்வளவு பெரிய நடிகை எதற்காகத் தலையாட்டுகிறாள்? நடிப்பா, நிஜமா? உள்ளே எட்டிப்பார்க்க ஆசையாகவும் இருந்தது, பயமாகவும் இருந்தது.

"அம்மா, தப்பா எடுத்துக்காதீங்க. உங்களைச் சொல்லலை. நம்ம தையல்காரப் பொண்ணை நினைச்சுச் சொன்னேன்."

முக்காடு முன்னைவிட வேகமாக ஆடியது. உள்ளே சிரிப்பது போலவும் இருந்தது.

கேலி செய்கிறாளோ? ஸ்டுடியோ முழுக்கச் சொல்லி மானத்தை வாங்கிவிடுவாளோ? தச்சர் அவசரமாகப் பேச்சைப் புரட்டினார்.

"அட, சும்மா சொன்னேம்மா! அவளைப் போய் எவன் கட்டுவான்? இந்தக் கோட்டு அவ தைச்சதுதான். பாருங்க, ஒரு கை முழங்கையில நிக்குது, ஒரு கை முழங்காலைத் தொடுது!"

பளார்!

மீசை பறந்துபோய் டைரக்டரின் மடியில் விழுந்தது.

"அபாரம்! அபாரம்!" என்று அவர் நாற்காலியிலிருந்து துள்ளினார். முக்காடு விறுவிறுவென்று வெளியே போய்விட்டது.

தச்சர் கன்னத்தைத் தடவிக்கொண்டே கேமராக்காரரிடம் போனார். "ஏண்ணே, நான் தையல்காரப் பொண்ணைத்தானே மட்டமாப் பேசினேன்? இந்தம்மாவுக்கு எதுக்கு இவ்வளவு கோவம்?"

"எந்தம்மா?" என்றார் கேமராக்காரர். "அந்தம்மா காய்ச்சல்னு காலையிலேயே வீட்டுக்குப் போயாச்சு தம்பி. முகம்தான் தெரியாதேன்னு, தையல்காரப் பொண்ணுக்கே முக்காட்டைப் போட்டு நிறுத்திட்டோம்."