யூஜினியின் பிரெஞ்சுப் படமும் நான் போட்ட முழுப்பக்க விளம்பரமும்

மடுமாதா துணை

ஸ்காபரோ,
ஞாயிறு, பூசை முடிந்த கையோடு

பாசமுள்ள செலீன் அக்காவுக்குத் தம்பி லெஸ்லி எழுதிக்கொள்வது. நான் சுகம். பிக்கரிங்கில் நீங்களும் உங்கள் பிரஷரும் சுகமாயிருக்க மாதாவை மன்றாடுகிறேன். ஒரு கிழமையாக என் போனை எடுக்கிறீர்கள் இல்லை, வாசலுக்கு வந்தால் லைட்டை நூர்க்கிறீர்கள். ஆகவே கடிதம். கடிதத்தை இடையில் கட் பண்ண ஏலாதுதானே.

நடந்ததில் என் பிழை எள்ளளவும் இல்லை. உங்கள் மகள் யூஜினி பாரிசுக்குப் படிக்கப் போன இடத்தில் அவாங்-கார்ட் படம் ஒன்றில் கதாநாயகியாக நடித்தாள். அவாங்-கார்ட் என்றால் கதை இல்லாத படம். கதை கேட்பது படிக்காத சனம். நான் முழுக்கப் பார்த்தவன்: பிள்ளை மேசையில் கண்ணை மூடிப் படுத்திருக்கிறாள், ஒருவன் தக்காளிப்பழம் உருட்டுகிறான், மழை பெய்கிறது, முடிகிறது. பிரான்சில் ஒரு மந்திரியே எழும்பி நின்று அழுதவர். யூஜினி அப்படிச் சொல்லவில்லை, ஆனால் அழுதிருப்பார்.

இப்படிப்பட்ட பிள்ளைக்கு மாமன் சும்மா இருக்கலாமா? படத்தைக் காட்ட ஹோல் ஒன்றை வாடகைக்கு எடுத்தேன். தமிழ்ப் பேப்பரில் முழுப்பக்க விளம்பரம். பெரிய மனிதர்களைப் பற்றிப் பேப்பரில் எப்படி வருமோ அப்படியே எழுதினேன்: 'பேசாலையைப் பூர்வீகமாகவும் பிக்கரிங்கைப் பிறப்பிடமாகவும் பாரிசை வதிவிடமாகவும் கொண்ட செல்வி யூஜினி, அமிர்தநாதர், செலீன் தம்பதிகளின் பாசமிகு மகளும், லெஸ்லியின் அன்பு மருமகளும்'. கீழே ஹோல் விலாசம், 'தகவல்: மாமா'. மேலே அவள் கண்மூடிப் படுத்திருக்கும் கறுப்புவெள்ளைப் படம். சுற்றிவர ரோசாப்பூவைப் பேப்பர்காரர் கேட்காமலே போட்டுத் தந்தார்கள்.

போன கிழமை சனிக்கிழமை ஹோல் நிரம்பி வழிந்தது. சனம் முழுக்கக் கறுப்பு உடுப்பு. பிரெஞ்சு முறை தெரிந்த சனம் என்று பெருமைப்பட்டேன். றெபேக்கா அன்ரி மிசிசாகாவிலிருந்து அண்டாவில் மரக்கறிச் சோற்றோடு வந்து என்னைக் கட்டிப்பிடித்தா.

"ஐயோ லெஸ்லி, இந்த வயசிலையோ?"

"ஓம் அன்ரி, இதைவிடப் பிந்தினால் என்ன பிரயோசனம்?"

"என்னெண்டடா நடந்தது?"

"நல்ல மழை அன்ரி. ஒரு தக்காளிப்பழம்."

"தக்காளிப்பழமோ!" என்று கத்திக் கதிரையில் விழுந்தா.

லைட்டை நூர்த்துப் படம் போட்டு, மேசையில் பிள்ளையைக் கண்டதுதான் தாமதம், பின்வரிசை செத்தவர்களுக்குச் சொல்லும் 'நித்திய இளைப்பாற்றி' செபத்தைத் தொடங்கிவிட்டது. அப்போதுதான் பேப்பரும் கையுமாக நீங்கள் வந்தீர்கள். பாரிசுக்குப் போன் அடித்து, பிள்ளையின் குரலைக் கேட்ட பிறகுதான் காரை எடுத்தீர்களாம். முன்வரிசையில் இருந்து கடைசிவரை என்னையே பார்த்தீர்கள். ஒரு சொல் இல்லை.

அக்கா, விளம்பரத்தை மரண அறிவித்தலாக வாசித்து, பிள்ளை செத்துப்போனாள் என்று ஊரே நம்பியதே, அதைவிட ஒரு நடிகைக்கு என்ன பரிசு வேணும்? உவள் இனி எங்கேயோ போய்விடுவாள், எழுதி வையுங்கோ. ஆனால் எனக்கு இந்த நாட்டில் நீங்கள் ஒராள்தான். அடியுங்கோ, ஏசுங்கோ, அந்த அண்டாவாலை எறியுங்கோ. கதைக்காமல் மட்டும் இருக்காதேங்கோ.

யூஜினியைப் பெற்ற வயிற்றை மாதா ஆசீர்வதிப்பாளாக. அத்தானுக்கும் அவர் முழங்காலுக்கும் என் அன்பு.

உங்கள் ஏச்சுக்குக் காத்திருக்கும் தம்பி,
லெஸ்லி

பி.கு.: கடிதத்தை ஒட்டப்போக யூஜினி போன் எடுத்தாள். ஹோலில் எடுத்த வீடியோவை நான் அனுப்ப, அவளின் பட டைரக்டர் பார்த்தவராம். அவருக்கு இனி யூஜினி வேண்டாமாம். முன்வரிசையில் வாய் திறக்காமல் இருந்த அந்த மனுசிதான் அடுத்த படத்துக்கு வேணுமாம். உங்களுக்காக நானே ஓம் சொல்லிவிட்டேன். ஆகவே மேலே எழுதினது ஒன்றையும் கணக்கெடுக்காதேங்கோ. படம் எடுத்து முடியுமட்டும் தயவுசெய்து என்னோடு கதைத்துவிடாதேங்கோ அக்கா, அந்த முகம் பழுதாகிவிடும்.