ஞாயிற்றுக்கிழமை மட்டும் வர வேண்டாம்

மதிப்பிற்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

வணக்கம். இங்கே நான், என் மனைவி, தங்கள் மாப்பிள்ளை, தங்கள் மகள் எல்லோரும் சௌக்கியம். அங்கே தாங்களும் சம்பந்தியம்மாவும் சௌக்கியம் என்றும், தங்கள் மரச்சாமான் கடையில் வியாபாரம் அமோகம் என்றும் போன வாரம் ஃபோனில் தாங்களே சொல்லிவிட்டதால், அதையே திரும்ப விசாரித்துத் தங்கள் நேரத்தை வீணாக்கவில்லை. எழுத்து ஆடுவதைப் பார்த்து என் கை நடுங்குகிறது என்று எண்ண வேண்டாம். உடம்புக்கு ஒன்றுமில்லை. காரணம் வேறு. அது தங்களுக்குத் தேவையில்லாதது.

விஷயம் இதுதான். வருகிற ஞாயிற்றுக்கிழமை வருவதாகவும், "ஒரு முக்கியமான விஷயம், நேர்லதான் பேசணும்" என்றும் சொல்லியிருந்தீர்கள். வாய் நிறைய "வாங்க, வாங்க" என்று சொல்லிவிட்டு ஃபோனை வைத்த பிறகுதான் ஞாபகம் வந்தது, வீட்டுக்கு வெள்ளையடிக்கிறோம். கூடத்தில் கால் வைக்க இடமில்லை. பெயிண்ட் வாடை தங்களுக்கு ஒத்துக்கொள்ளாது. ஆகவே அடுத்த மாதமோ அதற்கடுத்த மாதமோ, அவசரமில்லாமல், ஆற அமர வரலாம் என்று பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இந்த இடத்தில் கடிதத்தை முடித்திருக்க வேண்டும். முடியவில்லை. குடிநீர் வாரியத்தில் புகார்ப் பிரிவுக் கண்காணிப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். ஆயுசு முழுக்க அடுத்தவர் பொய்யைக் கேட்டுக் கேட்டு, எனக்கென்று ஒரு பொய் சொல்ல வராமலே போய்விட்டது. வெள்ளையடிக்கவில்லை, சம்பந்தி. கால் வைக்க இடமில்லை என்பது மட்டும் நிஜம். கூடம் முழுக்க வாஷிங் மெஷின்கள். எங்களுடையவை அல்ல, ஊரார் வீட்டு வாஷிங் மெஷின்கள். இந்தக் கடிதத்தைக்கூட மேசையில் வைத்து எழுதவில்லை. வாசலில் ஒரு மெஷின் சோதனை ஓட்டத்தில் இருக்கிறது, அதன் தலையில் வைத்துத்தான் எழுதுகிறேன். எழுத்து ஆடுவது அதனால்தான். அது வேகமாகச் சுற்றும்போது எழுதிய வரிகளைத் தாங்கள் ஊகித்துப் படித்துக்கொள்ள வேண்டும்.

ஆரம்பத்திலிருந்தே சொல்லிவிடுகிறேன். தாங்கள் போகிற இடமெல்லாம் "என் மாப்பிள்ளை வெளிநாட்டுக் கம்பெனியில பெரிய பொசிஷன்" என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டிருக்கிறீர்களே, அந்தக் கம்பெனி இந்த ஊர்க் கிளையை மூடி ஒரு வருடமாகப் போகிறது. எங்கோ இரண்டு தேசங்கள் ஒன்றின் சாமானுக்கு ஒன்று வரி போட்டுக்கொண்டனவாம். அதற்கு ஏன் இவன் நாற்காலி பறிபோக வேண்டும் என்று கேட்டேன், விளக்கினான். தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. வெளிநாட்டிலிருந்து ஒரு பெரியவர் கம்ப்யூட்டர் திரையில் வந்து, "நாமெல்லாம் ஒரே குடும்பம்" என்று ஆரம்பித்து அத்தனை பேரையும் வீட்டுக்கு அனுப்பிவிட்டுப் போனார். பையன் இரண்டு வாரம் அதே திரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். சாப்பிடக் கூப்பிட்டால் வருவான், சாப்பிட்டோமா என்று அவனுக்கே தெரியாது.

அந்தச் சமயம் பார்த்து எங்கள் வாஷிங் மெஷின் என் சட்டையை வாயில் கவ்வியபடி நின்றுவிட்டது. கம்பெனிக்கு ஃபோன் செய்தால், "பார்ட்ஸ் வர்ற கப்பல், சண்டை நடக்கிற கடலை விட்டுச் சுத்திக்கிட்டு வருது சார், எப்ப வரும்னு சொல்ல முடியாது, புதுசா ஒண்ணு வாங்கிடுங்களேன்" என்கிறார்கள். உலகத்தில் எவனோ எவனையோ அடித்துக்கொண்டால் என் சட்டை ஏன் உள்ளே கிடக்க வேண்டும்? கத்தினேன். நான் போட்ட சத்தம் தாங்காமல் பையன் எழுந்து வந்து மெஷினைக் கவிழ்த்துப் பிரித்தான். பழைய சாமான் எடைக்கடையில் கிடந்த இன்னொன்றிலிருந்து ஒரு மோட்டாரைப் பிடுங்கி வந்து மாட்டினான். ஓடியது. அவன் முகத்தில் அன்றைக்கு ஒரு சிரிப்பு வந்தது பாருங்கள், சட்டை போனால் போகட்டும் என்று விட்டுவிட்டேன்.

அதோடு விட்டதா? பக்கத்து வீட்டு மெஷின் வந்தது. அதற்குப் பக்கத்து வீடு, எதிர்வீடு, தெருக்கோடி. பொருளாதாரம் வளர்கிறது என்று பேப்பரில் படித்திருப்பீர்கள். எங்கள் வீட்டில் அது கூடத்தில் வளர்ந்து, சாப்பாட்டு அறையைத் தாண்டி, இப்போது என் கட்டிலுக்குப் பக்கத்தில் நிற்கிறது. இவனுக்குக் கணக்கு முடித்து அனுப்பிய இந்த ஊர் மேலதிகாரியை அடுத்த வாரமே அவரும் கிளம்பலாம் என்று அனுப்பிவிட்டார்களாம். இப்போது அவர் எங்கள் கூடத்தில் டார்ச் பிடித்துக்கொண்டு நிற்கிறார். நல்ல மனுஷன். "இன்னும் கொஞ்சம் இடது பக்கம் காட்டுங்க சார்" என்று பையன் சொல்ல, "சரி சார்" என்கிறார். என் மனைவியோ பின்வாசலில் நாற்காலி போட்டு டோக்கன் கொடுக்கிறாள். தாகத்துக்குத் தண்ணீர் கேட்டுப் போனேன். "டோக்கன் எடுத்துட்டீங்களா?" என்று கேட்டாள். தாலி கட்டின புருஷனைப் பார்த்து! நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

எனக்கும் ஒரு வேலை கொடுத்தார்கள். சோப்புத் தூள் போட்டு ஓட்டிப் பார்க்கும் வேலை. எதிர்வீட்டு வக்கீலின் மெஷினுக்குள் அவருடைய கறுப்புக் கோட்டு கிடந்தது எனக்கெப்படித் தெரியும்? தூளோடு கொஞ்சம் ப்ளீச்சும் போட்டுவிட்டேன். இப்போது அவர் சாம்பல் நிறக் கோட்டோடு கோர்ட்டுக்குப் போய்க்கொண்டிருக்கிறார். என்னைப் பார்த்தால் எதிர்ப்புறம் நடக்கிறார். அதன் பிறகு எனக்கு எழுத்து வேலை மட்டும்தான்.

எழுத்து வேலை என்றதும் ஞாபகம் வருகிறது. பழைய மெஷின்களில் கழற்றிய பார்ட்ஸ் எல்லாம் வெளியூர்களிலிருந்து பார்சலில் வருகிறது. கொண்டுவருகிற ஆள் இருக்கிறாரே, மணியை அடித்துவிட்டு ஓடுகிறார், சம்பந்தி! பள்ளிக்கூடப் பையன்கள் செய்வார்களே, அப்படி. நாம் கதவைத் திறப்பதற்குள் பார்சல் பூந்தொட்டிக்குப் பின்னால் இருக்கும், ஹெல்மெட் தெரு முனையில் திரும்பிக்கொண்டிருக்கும். என் மனைவி அவருக்கு மின்னல் என்றே பெயர் வைத்துவிட்டாள். இது என்ன மரியாதை? ஒரு வாய் டீ குடித்துவிட்டுப் போகச் சொல்லலாம் என்றால் ஆள் நின்றால்தானே? விட்டேனா பார் என்று அந்தப் பார்சல் கம்பெனிக்கு முறைப்படி ஒரு புகார் அனுப்பினேன். புகார் வாங்கியே பழகிய எனக்கு, ஒன்றை எழுதி அனுப்புவதில் இருக்கிற சுகம் இப்போதுதான் தெரிந்தது.

இதெல்லாம் கிடக்கட்டும். முக்கியமானதை மென்று விழுங்கிக்கொண்டிருக்கிறேன். தங்கள் மகள் துறைமுகத்தில் கணக்குப் பிரிவில் இருப்பதாகத் தாங்கள் நினைத்துக்கொண்டிருக்கிறீர்கள். இல்லை. கிரேன் ஓட்டுகிறாள். கப்பலிலிருந்து பெட்டி பெட்டியாகத் தூக்கி இறக்குமே, அந்த ராட்சசக் கிரேன். பரீட்சை எழுதி, பயிற்சிக்குப் போய், இவனுக்கு வேலை போன அதே மாதம் மேலே ஏறி உட்கார்ந்தாள். "அப்பாகிட்ட நானே சொல்லிக்கறேன் மாமா. என்னை வெயில்லகூட நடக்க விடாதவர் அவர். பக்குவமாத்தான் சொல்லணும்" என்றாள். இன்னும் பக்குவம் வரவில்லை.

ஒருநாள் குடும்பத்தாரை உள்ளே விட்டார்கள். போனேன். அண்ணாந்து பார்த்தேன். கழுத்து வலிக்கிற உயரத்தில் ஒரு கண்ணாடிக் கூண்டு, அதற்குள்ளே நம் பெண். லாரி அளவு பெட்டியைத் தீப்பெட்டி மாதிரி தூக்கி, அலுங்காமல் குலுங்காமல் இறக்கி வைக்கிறாள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. இரண்டு கையையும் தலைக்கு மேலே தூக்கி ஆட்டினேன். ஆட்டியிருக்கக் கூடாது. இரண்டு கையையும் தூக்கி ஆட்டினால் 'ஆபத்து, நிறுத்து' என்று அங்கே அர்த்தமாம்! கிரேன் நின்றது. பக்கத்துக் கிரேன் நின்றது. சங்கு ஊதியது. லாரிகள் கேட் வரைக்கும் வரிசையாக நின்றன. கப்பல்காரர்கள் எட்டிப் பார்த்தார்கள். மஞ்சள் தொப்பி போட்ட அதிகாரி ஓடி வந்து, "யாருக்கு என்ன ஆச்சு?" என்கிறார். "ஒண்ணும் ஆகலைங்க, மருமகளுக்கு டாட்டா காட்டினேன்" என்றேன். அவர் என்னைப் பார்த்த பார்வையை எழுத்தில் எழுத முடியாது. மருமகள் இறங்கி வந்து திட்டப் போகிறாள் என்று திருதிருவென முழித்துக்கொண்டு நின்றேன். "மாமா, அடுத்த தடவை ஒத்தக் கையை மட்டும் ஆட்டுங்க" என்றாள், அவ்வளவுதான். அடுத்த தடவை என்றாளே, அது எனக்குப் போதும்.

இப்போது என் பயத்தைச் சொல்லிவிடுகிறேன். ஞாயிற்றுக்கிழமை தாங்கள் வருவீர்கள். கூடத்தைப் பார்ப்பீர்கள். மாப்பிள்ளை கை முழுக்கக் கிரீஸோடு நிற்பதைப் பார்ப்பீர்கள். கண்ணாடிக் கதவு போட்ட ஷோரூம் வைத்து நடத்துகிறவர் தாங்கள், முகம் சுருங்கும். "கிளம்பும்மா, போகலாம்" என்று மகளைக் கூட்டிக்கொண்டு போய்விட்டால் நாங்கள் என்ன செய்வோம்? முக்கியமான விஷயம் என்று தாங்கள் சொன்னது அதுதானோ என்று நினைத்து நினைத்து எனக்குச் சோறு இறங்கவில்லை. அவளும் பையனும் நன்றாக இருக்கிறார்கள், சம்பந்தி. அவன் சமைத்து வைக்கிறான், அவள் சாப்பிட்டுவிட்டு உப்பு அதிகம் என்கிறாள், இரண்டு பேரும் சிரிக்கிறார்கள். பெரிய பொசிஷனில் இருந்தபோது இந்த வீட்டில் இப்படிச் சிரிப்புச் சத்தம் கேட்டதில்லை. தயவுசெய்து வர வேண்டாம். இல்லை, வருவதானால் கோபத்தை வீட்டிலேயே வைத்துவிட்டு வரவும்.

சம்பந்தியம்மாவுக்கு எங்கள் அன்பு. தங்கள் கடையும் குடும்பமும் மேன்மேலும் தழைக்க வேண்டும் என்று மனதார வாழ்த்தும்,

தங்கள் அன்புள்ள சம்பந்தி.

பின்குறிப்பு: மேலே எழுதியது அத்தனையும் வீண். கையெழுத்துப் போட்டு முடிக்கும்போது மெஷின் கடைசிச் சுற்றில் ஒரு குதி குதித்ததில் பேனா உருண்டு கீழே விழுந்தது. எடுக்கக் குனிந்தேன். அந்த நேரம் பார்த்து மின்னல் வந்தார். மெஷினுக்குப் பின்னால் நான் இருப்பது தெரியாமல் பார்சலைப் பூந்தொட்டிக்குப் பின்னால் வைத்தார், மணியை அடித்தார், திரும்பினார். நானும் நிமிர்ந்தேன். மூக்குக்கு மூக்கு. ஹெல்மெட்டுக்குள்ளே தாங்கள்!

"சம்பந்தி, இப்ப நான் ஓடணுமா, நிக்கணுமா?" என்று கேட்டீர்கள். நான் ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டேன். தாங்கள் இப்போது என் எதிரே ஸ்டூலில் உட்கார்ந்து டீ குடித்தபடி மேலே உள்ளதை எல்லாம் படித்துச் சிரித்துக்கொண்டிருக்கிறீர்கள். "முடிச்சுக் குடுங்க, நானே டெலிவரி பண்ணிக்கறேன்" என்று அவசரப்படுத்துகிறீர்கள். ஆகவே நடந்ததை முறைப்படி பதிவு செய்கிறேன்.

பெட்டியில் மடித்து வரும் வெளிநாட்டு மேசை நாற்காலிகள் வந்த பிறகு தங்கள் கடைக்கு ஆள் வரவில்லை என்றும், ஷோரூமைப் பூட்டிவிட்டுப் பார்சல் வேலைக்கு வந்துவிட்டதாகவும், மாப்பிள்ளை வீட்டில் தெரிந்தால் மானம் போகும் என்று பயந்து ஓடியதாகவும் சொன்னீர்கள். "மோட்டார், பெல்ட்னு வாரா வாரம் மாப்பிள்ளை பேருக்கு வருது. எனக்கு விஷயம் தெரியாதா?" என்றீர்கள். என் புகாரின் பேரில் தங்களை ஒருநாள் வகுப்பில் உட்கார வைத்து, கதவு திறக்கும் வரை நின்று புன்னகைப்பது எப்படி என்று சொல்லிக் கொடுத்தார்களாம். மன்னிக்கவும்.

பிறகு தாங்கள் கேட்டதுதான் என்னைத் தூக்கிவாரிப் போட்டது. "துறைமுகத்து கேட்ல சரக்கு எடுக்க நின்னேன். யாரோ ஒரு கிழவர் கையை ஆட்டி வேலையவே நிறுத்திட்டாருன்னு எல்லாரும் திட்டிக்கிட்டு இருந்தாங்க. யாருடா அதுன்னு வண்டியை விட்டு இறங்கினேன். நிமிர்ந்து பார்த்தா, கிரேன் ஏணியில இறங்கி வர்றது என் பொண்ணு. எனக்குக் கண்ணு கலங்கிடுச்சு. அந்தக் கிழவர் நீங்கதானா?" என்றீர்கள். நான்தான், சம்பந்தி. "என் கடையை மூட வெச்ச பெட்டியையெல்லாம் இறக்கினதே அவதான் போல" என்று தாங்கள் சொல்ல, நாம் இரண்டு பேரும் சிரித்த சிரிப்பில் என் மனைவி டோக்கனைப் போட்டுவிட்டு ஓடி வந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை பேச இருந்த முக்கியமான விஷயம், மாப்பிள்ளையிடம் தங்களுக்கு ஒரு வேலை கேட்பதும், அந்தக் காலி ஷோரூமில் இந்த மெஷின்களைக் கொண்டுபோய் வைத்துக்கொள்ளச் சொல்வதும்தான் என்று அறிந்தேன். பையன் கிரீஸ் கையோடு வந்து தங்கள் கையைப் பிடித்துக்கொண்டு விடாமல் நிற்கிறான். அவன் கண்ணிலும் தண்ணீர். என் கட்டிலைச் சுற்றி நடக்க இனி இடம் கிடைக்கும்.

ஆகையால் ஞாயிற்றுக்கிழமை சம்பந்தியம்மாவோடு அவசியம் வரவும். தங்கள் மகளும் அன்று வீட்டில்தான் இருப்பாள். மணியை அடித்துவிட்டு ஓட மட்டும் வேண்டாம்.