ஒசாகாவில் கை நனைத்த விவரம்

நெல்லையப்பர் துணை

ஒசாகா நகரம், ஜப்பான்
தாது வருஷம், ஐப்பசி மாதம், வெள்ளிக்கிழமை

முக்கூடலில் வசிக்கும் என் மைத்துனரும், என் சகதர்மிணி ஆவுடையம்மாளின் உடன்பிறந்த தம்பியுமான அப்பாத்துரை பிள்ளை அவர்களுக்கு, திருநெல்வேலி டவுணில் பத்திரம் எழுதி ஓய்வுபெற்ற காந்திமதிநாதன், யாருடைய தூண்டுதலும் இன்றித் தெளிந்த புத்தியுடன் எழுதிக்கொண்ட கடிதம். இவ்விடம் நாங்கள் இருவரும் உடம்பால் சுகம். மனத்தால் எனக்கு மட்டும் சுகமில்லை. உமது அக்காளுக்கு அதுவும் சுகமாகவே இருக்கிறது. அவ்விடம் உமது சுகமும், தங்கச்சி சுகமும், மீனு சுகமும், ஆற்றில் தண்ணீர் எம்மட்டில் போகிறது என்பதும் அறிய ஆவல்.

இந்தக் கடிதத்தை நின்றுகொண்டு படிக்க வேண்டாம். உட்கார்ந்துகொள்ளும். உமக்கு மீனு பிறந்த அன்றைக்கே, ஆஸ்பத்திரி வராந்தாவில் வைத்து, ‘இவ எங்க வீட்டு மருமக’ என்று வாக்குக் கொடுத்தவன் நான். விமானம் ஏறப் புறப்பட்டபோதும் உம் கையைப் பிடித்துக்கொண்டு, ‘பயலைப் பேசி முடிச்சு, தை மாசத்துக்கு நாள் குறிச்சிட்டுத்தான் திரும்புவேன்’ என்று சொன்னவனும் நானே. அந்த வாக்கை நேற்று நானே முறித்துவிட்டேன் வே. வேண்டுமென்று முறிக்கவில்லை, பசியில் முறித்தேன். நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். படித்துவிட்டு நீரே தீர்ப்புச் சொல்லும்.

என் ஒரே மகன் வைத்தீஸ்வரன் கம்பெனி வேலையாக இங்கே வந்து ஒரு வருஷத்துக்கு மேலாகிறது என்பது நீர் அறிந்ததே. நாங்கள் வந்து இறங்கியதிலிருந்து அவன் முகம் சரியில்லை. சாப்பிடும்போது பாதியில் என் முகத்தைப் பார்ப்பான், ‘அப்பா, ஒரு விஷயம்’ என்பான், ‘என்னலே’ என்று கேட்டால் ‘ஒண்ணுமில்ல, மோர் ஊத்தட்டுமா’ என்பான். புதன்கிழமை வேலையிலிருந்து வந்தவன், ‘நாளைக்கு லீவு போட்டிருக்கேன்பா. ஒரு பொண்ணு வருவா. நம்மளை நாலு இடத்துக்கு நடத்திக் கூட்டிட்டுப் போயி இந்த ஊருச் சாப்பாடெல்லாம் காட்டுவா. போயிட்டு வந்து உங்ககிட்ட ஒரு விஷயம் பேசணும்’ என்றான். பெண் வருவாள், சாப்பிடக் கொடுப்பாள், அதன் பிறகு விஷயம் பேச வேண்டும். ஆயுசு பூராவும் பத்திரம் எழுதினவனுக்கு இதற்கு மேல் ஒரு ஷரத்து வேண்டுமா? நம் பக்கத்தில் பெண் பார்க்கப் போனால் சொஜ்ஜியும் பஜ்ஜியும் உட்கார்ந்த இடத்துக்கு வரும். இந்த ஊரில் மாப்பிள்ளை வீட்டாரைத் தெருத் தெருவாக நடத்திக் கூட்டிப்போய்க் கொடுப்பார்கள் போலிருக்கிறது, ஊருக்கு ஒரு வழக்கம் என்று எண்ணிக்கொண்டேன். உம் முகமும் மீனு முகமும்தான் கண்ணுக்கு முன்னால் நின்றன.

ஆனாலும் ஒரு வழி இருந்தது. சம்பந்தம் பேசி முடிகிறவரைக்கும் பெண் வீட்டில் கை நனைப்பதில்லை, நனைத்தால் சம்மதம் என்று பொருள் என்பது நம் வம்சத்து வழக்கம். ஆகவே நான் ஒன்றையும் தொடுவதில்லை, தொடாதவரைக்கும் உமக்குக் கொடுத்த வாக்கு பத்திரமாக இருக்கும் என்று முடிவு செய்தேன். காலையில் ஒரு வாய் காப்பியோடு கிளம்பினேன். உமது அக்காளைத் தனியே கூப்பிட்டு, ‘ஏட்டி, அங்கன போயி பச்சைத் தண்ணி குடிக்கப்பிடாது’ என்றேன். ‘நீங்க குடிக்காதீங்க’ என்றாள். அவள் சொன்னது அவ்வளவுதான். அதிலேயே நான் சுதாரித்திருக்க வேண்டும்.

ரயிலடியில் பெண் நின்றிருந்தாள். பெயர் யூகோ. லட்சணத்துக்குக் குறைவில்லை, பொய் சொல்லக் கூடாது. கையில் சின்னதாக ஒரு மஞ்சள் கொடி. மாப்பிள்ளை வீட்டார் கூட்டத்தில் தொலைந்துவிடக் கூடாது என்று பிடித்திருக்கிறாளாம், வைத்திதான் சொன்னான். என்ன ஒரு மரியாதை என்று நினைத்துக்கொண்டேன். கூடவே வயசான வெள்ளைக்காரத் தம்பதி ஒன்று கழுத்தில் கேமராவோடு நின்றது. பெண்ணுக்குச் சித்தப்பா சித்தி முறையாக இருக்கும், அந்தக் குடும்பத்தில் கலப்பு ஏற்கெனவே நடந்திருக்கிறது என்று நானே ஊகித்துக்கொண்டேன். யூகோ என் முன்னால் இடுப்பு வரை குனிந்து கும்பிட்டாள். நம்ம பிள்ளைகள் கல்யாணத்தன்றைக்குக்கூட இவ்வளவு குனிவதில்லை என்பதையும் நீர் கவனிக்க வேண்டும்.

முதலில் ஒரு பெரிய சந்து, மேலே கூரை போட்டு இரண்டு பக்கமும் கடை. நுழைந்த இடத்தில் குழிப்பணியாரக் கல் போலவே ஒரு கல்லில் ஒருவன் உருட்டி உருட்டி எடுக்கிறான். உள்ளே ஏதோ எட்டுக் கால் பிராணி என்று வைத்தி சொன்னதும் நான் திருநீற்றைத் தொட்டுக்கொண்டு தள்ளி நின்றேன். வெள்ளைக்காரச் சித்தப்பா தட்டையே வழித்தார். எங்களுக்குச் சைவமாகத் தனி ஏற்பாடு என்றாள் யூகோ. ஊறுகாய்க் கடைக்குக் கூட்டிப் போனாள். கடைக்காரர் வெளியே ஓடி வந்து அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டுக் கும்பிடுகிறார். அடுத்த கடையிலும் அப்படி, அதற்கடுத்த கடையிலும் அப்படி. தெரு முழுக்கச் சொந்தக்காரர்கள், பெரிய வம்சம்தான் என்று எனக்குள்ளே ஒரு பயம் வந்துவிட்டது. கடைக்கு ஒரு ஈரத்துண்டு சுடச்சுடக் கொடுக்கிறார்கள், கை துடைக்க. கை நனைக்கக் கூடாது என்று வந்தவன் அதையாவது வாங்குவேனா? இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டேன். உமது அக்காளோ அதற்குள் கத்தரிக்காய் ஊறுகாய், முள்ளங்கி ஊறுகாய், வெள்ளரிக்காய் ஊறுகாய் எல்லாம் வாயில் போட்டு, எத்தனை நாள் ஊற வைத்தது என்று கடைக்காரரிடம் கைச்சாடையில் விசாரிக்கிறாள். நான் கண்ணைக் காட்டுகிறேன், தொண்டையைச் செருமுகிறேன். ‘உங்களுக்குத் தொண்டை கட்டியிருக்கா? இந்தா இஞ்சி இருக்கு’ என்கிறாள். பாதிக் குடும்பம் அந்த இடத்திலேயே சம்மதம் கொடுத்தாகிவிட்டது வே.

சரி, நாமாவது முறைப்படி விசாரிப்போம் என்று, ‘லே வைத்தி, அவ அப்பா என்ன பண்ணுதாருன்னு கேளு’ என்றேன். கேட்டான். மீன் கடையாம். எனக்குத் தலை சுற்றியது, பசியிலா மீனிலா என்று தெரியவில்லை. ‘சமைக்கத் தெரியுமான்னு கேளு.’ அவள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்து, சமைக்க வராது, நல்லாச் சாப்பிட வரும் என்றாளாம். ‘பெரியவங்க பேச்சைக் கேப்பாளான்னு கேளு’ என்றேன். வைத்தி என்னை ஒரு மாதிரி பார்த்து, ‘இதெல்லாம் எதுக்குப்பா’ என்றான். ‘கேளுலே’ என்றேன். கேட்டான். அவள் கொஞ்சம் யோசித்துவிட்டு, எங்களை மாதிரிப் பெரியவங்க வர்றதுதான் அவளுக்கு ரொம்ப சந்தோஷம் என்று பதில் சொன்னாள். என்ன சாமர்த்தியம் பாரும்.

அடுத்ததாகச் சீனிக்கிழங்கைச் சுட்டு, ஆவி பறக்கப் பிட்டு நீட்டினார்கள். வேண்டாம் என்றேன். சோயாப் பாலில் செய்த தயிர்க்கட்டி மாதிரி ஒன்று. வேண்டாம். அரிசி மாவுக்குள் பயறுப் பூரணம் வைத்து, நம் கொழுக்கட்டைக்குச் சின்னம்மை மகள் மாதிரி ஒன்று. வேண்டாம் என்று சொல்லும்போது எனக்கே குரல் வரவில்லை. நான் வேண்டாம் வேண்டாம் என்று சொல்லச் சொல்ல அந்தப் பிள்ளையின் முகம் சுண்டிக்கொண்டே போனது. கடைக்காரர்களிடம் போய்க் குசுகுசு என்று யோசனை கேட்கிறாள். தெருவே எட்டிப் பார்க்கிறது. மருந்துக் கடைக்கு ஓடி வயிற்றுப் பொடி வாங்கி வந்தாள். அதற்கும் தலையாட்டினேன். மாமனார் ஆகப்போகிறவர் முகம் கொடுக்கவில்லையே என்று ஒரு பெண் பதறுகிற பதற்றம் இருக்கிறதே, அதைப் பார்க்கிறவன் கல்லாக இருந்தாலும் கரைந்துவிடுவான். நான் கரையவில்லை. மீனுவை நினைத்துக்கொண்டு நின்றேன். காது மட்டும் அடைத்துவிட்டது.

கடைசியில் ஒரு பழைய கடை. தரையில் பாய் விரித்து உட்கார வைத்தார்கள். யூகோவே உள்ளே போய் ஒரு கிண்ணத்தை இரண்டு கையாலும் ஏந்தி வந்து, என் முன்னால் முழங்கால் போட்டு உட்கார்ந்தாள். ‘தாங்கள் ஒன்றுமே சாப்பிடாமல் திரும்பினால் அது என் குற்றம், தயவுசெய்து மன்னிக்க வேண்டும்’ என்றாளாம். வைத்தி சொல்லி முடிக்குமுன் அவள் கண் கலங்கிவிட்டது. கிண்ணத்தில் வழுவழு என்று ஏதோ, அதன்மேல் கறுப்பாக ஒரு பாகு. உடன்குடிக் கருப்பட்டியைக் காய்ச்சி ஊற்றினது போல அதே மணம். நான் அந்தப் பிள்ளை முகத்தைப் பார்த்தேன், கிண்ணத்தைப் பார்த்தேன். அப்பாத்துரை, உம்மைக் கும்பிட்டுக் கேட்டுக்கொள்கிறேன், அந்த இடத்தில் நீர் இருந்தால் என்ன செய்திருப்பீர்? நான் எடுத்து வாயில் போட்டுவிட்டேன். போட்டவன் ஒரு வாயோடு நிறுத்தவில்லை. கிண்ணத்தைத் தூக்கிப் பாகையும் குடித்து, இன்னொன்று கேட்டு, பொட்டலமாய்க் கட்டி வந்திருந்த சீனிக்கிழங்கையும் வாங்கித் தின்றேன். கடையில் இருந்தவர்கள் கை தட்டினார்கள். சித்தப்பா படம் பிடித்தார்.

கை நனைத்த பிறகு பேச்சென்ன? சட்டைப் பையில் இருந்த கோயில் குங்குமத்தை எடுத்து அவள் கையில் கொடுத்து, ‘மகராசியா இரும்மா’ என்றேன். அவள் குனிந்து வாங்கி, தன் பெயர் அச்சடித்த அட்டை ஒன்றை இரண்டு கையாலும் எனக்குக் கொடுத்தாள். எல்லாரையும் நிற்க வைத்து ஒரு படமும் எடுத்தாகிவிட்டது. நிச்சயதார்த்தத்துக்கு இதற்கு மேல் என்ன பாக்கி?

திரும்பும் ரயிலில் வைத்தி என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, ‘அப்பா, அந்த விஷயம்’ என்று ஆரம்பித்தான். ‘ஒண்ணும் சொல்ல வேண்டாம்லே. எனக்கு எல்லாம் தெரியும். அவ என்ன மதமா இருந்தா என்ன, அவ வீட்டுல என்ன தின்னா என்ன, உனக்குப் பிடிச்சிருக்குல்லா? எனக்குச் சம்மதம்’ என்றேன். பயல் ‘நெசமாவாப்பா?’ என்றான். பிறகு அத்தனை பேர் பார்க்க என் தோளில் சாய்ந்து அழுதுவிட்டான். அவன் சின்னப் பிள்ளையாக இருந்தபோதுகூட என்மேல் அப்படிச் சாய்ந்ததில்லை. எனக்கும் அழுகை வந்துவிட்டது. அவனுக்குச் சந்தோஷத்தில், எனக்கு உம்மை நினைத்து.

ஆகவே மேற்படி மீனு விஷயமாக நான் கொடுத்த வாக்கு இன்று முதல் ரத்து. எனக்காகக் காத்திராமல் நல்ல இடமாகப் பாரும். குழந்தைக்கு என்னைவிட நல்ல மாமனார் வாய்க்க வேண்டும் என்று அம்பாளை வேண்டிக்கொள்கிறேன். உமக்கும் தங்கச்சிக்கும் என் நமஸ்காரம், மீனுவுக்கு ஆசீர்வாதம். என்னைத் திட்டுவதானால் கடிதத்தில் திட்டும். ஊருக்கு வந்த பிறகு முகத்தைத் திருப்பிக்கொள்ள வேண்டாம், அதை என்னால் தாங்க முடியாது.

இப்படிக்கு,
வாக்குத் தவறினாலும் உறவு தவறாத
காந்திமதிநாதன்

பின்குறிப்பு: தம்பி அப்பாத்துரை, நான் அக்கா எழுதுதேன். கடுதாசியை ஒட்டச் சொல்லி என் கையில தந்துட்டு அவுக குளிக்கப் போயிருக்காக. அந்த யூகோ ஊரு பாக்க வர்றவுகளைக் கூட்டிட்டுப் போயி சாப்பாட்டுக் கடை காட்டுத பிள்ளை. அது அவளுக்கு உத்தியோகம். கல்யாணமாகி, பள்ளிக்கூடத்துக்குப் போற மக இருக்கா. வெள்ளைக்காரவுகளும் நம்மளை மாதிரி ஊரு பாக்க வந்தவுகதான். வைத்தி என்கிட்ட முதல்லயே விவரமாச் சொன்னான். உங்க அத்தான் யாரு சொல்லுததை முழுசாக் கேட்டாக? வைத்தி பேச நினைச்சது தூத்துக்குடி டெனிஸ் சார் மக அஞ்சலினைப் பத்தி. ரெண்டு பேரும் மெட்ராஸ்ல ஒண்ணா வேலை பாத்தவுக. சர்ச்சுக்குப் போற வேதக்காரப் பிள்ளைன்னா அப்பா வீட்டை விட்டே துரத்திருவாகன்னு பயந்துக்கிட்டு இருந்தான். ரயில்ல அவுக சம்மதம்னதும் அஞ்சலினைத்தான் சொல்லுதாகன்னு நினைச்சு அழுதுட்டான். நான் ரெண்டு பேருக்கும் ஒண்ணும் சொல்லலை.

மீனுவை நினைச்சு நீ கலங்காதே. ‘வைத்தி அத்தான் எனக்கு அண்ணன் மாதிரி, கட்டிக்கிட மாட்டேன்’னு அவ போன பொங்கலுக்கே என்கிட்டச் சொல்லிட்டா. உங்க அத்தான் மனசு நோகுமேன்னு நீ வாயைத் திறக்காம இருக்கதும் எனக்குத் தெரியும். இனி ரெண்டு பேரும் நிம்மதியா இருங்க. ஆனா பதில் எழுதும்போது கொஞ்சம் கோவமாவே எழுது. ஜப்பான் பொண்ணு இல்லைன்னு ஆயிட்டுதுன்னு நான் பைய அவுககிட்டச் சொல்லிக்கிடுதேன். இன்னைக்குக் காலையில காப்பி குடிக்கும்போதே அவுக ஆரம்பிச்சாச்சு. ‘ஏட்டி, தமிழ் பேசுத பிள்ளையா மட்டும் இருந்திருந்தா, அது எந்தச் சாமியைக் கும்பிட்டாத்தான் நமக்கென்ன’ங்காக.